கனவுக்குக் கோயில் கட்டுங்கள், தெமியார் பெயரை விட்டுவிடுங்கள்

‘செனோய் கனவு வழிபாடு’ வகுப்பு நடத்தும் அன்பர்களுக்கு,

வணக்கம். உங்கள் கையேட்டின் முதல் பக்கத்திலேயே இப்படி எழுதியிருக்கிறீர்கள்: மலேசியக் காட்டில் வாழும் செனோய் என்னும் ஆதிகுடி மக்கள் கனவையே கடவுளாக வணங்குகிறார்கள், அதனால் அவர்களிடையே பல நூறு ஆண்டுகளாகக் கொலை இல்லை, சண்டை இல்லை, மனநோய் இல்லை. அந்த ‘ஆதி மதத்தை’த் தமிழர்களிடம் கொண்டுவந்து சேர்ப்பதே உங்கள் பணி என்றும் அதே பக்கத்தில் இருக்கிறது.

அப்படி ஒரு மதம் கிடையாது. செனோய் மக்கள் இருக்கிறார்கள். அவர்கள் வாழ்க்கையில் கனவுக்குப் பெரிய இடமும் இருக்கிறது. ஆனால் நீங்கள் சொல்லிக்கொடுக்கிற மதம் அந்தக் காட்டில் பிறக்கவில்லை. அமெரிக்கர் ஒருவர் 1951இல் எழுதிய கட்டுரையில் பிறந்தது, கலிபோர்னியாவில் வளர்ந்தது, ஊரெல்லாம் சுற்றிவிட்டு இப்போது கோலாலம்பூரைச் சுற்றியுள்ள கிள்ளான் பள்ளத்தாக்கில் வாடகை மண்டபம் எடுத்து, செனோய் மக்களின் சொந்த நாட்டிலேயே அவர்கள் பெயரில் கட்டணம் வசூலித்துக்கொண்டிருக்கிறது.

நான் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட்டுக்காரன். எங்கள் ஊரிலிருந்து லாசா பக்கம் போய் மலையேறினால் தெமியார் கிராமங்கள் வந்துவிடும். தெமியார், செமாய், ஜா ஹூட், மா மெரி என்று ஆறு இனங்களைச் சேர்த்துச் சொல்லும் பொதுப்பெயர்தான் செனோய். நீங்கள் சொல்கிற கதை அவர்களில் தெமியார் மக்களை வைத்துக் கட்டப்பட்டது. பெத்தாய் என்ற காட்டு அவரைக்காய் சீசன் வந்தால் மோட்டார் சைக்கிளின் இரண்டு பக்கமும் கட்டுக் கட்டாகத் தொங்கவிட்டுக்கொண்டு அவர்கள் டவுனுக்கு இறங்கி வருவதைச் சின்ன வயதிலிருந்தே பார்க்கிறேன். அப்பா தோட்டத்து மலாயில் பேரம் பேசுவார். அவர்கள் அதைவிட நல்ல மலாயில் பதில் சொல்வார்கள். பேரம் படிந்தால் சரி, படியாவிட்டாலும் சிரித்துவிட்டுப் போவார்கள். இவ்வளவு பக்கத்தில் இருந்தும் எங்கள் ஆட்களுக்கு அவர்களைப் பற்றித் தெரிந்தது கொஞ்சம்தான். எனக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி படித்துத் தெரிந்துகொண்டது. நீங்களும் படித்திருக்கலாம், எல்லாம் நூலகத்தில் கிடைக்கிறது.

உங்களிடம் ‘தீட்சை’ வாங்கியவர்களில் என் அக்கா மகளும் ஒருத்தி. கையேடும் மற்ற கதைகளும் அவள் வழியாகத்தான் எனக்குக் கிடைத்தன. காலையில் வட்டமாக உட்கார்ந்து, நடுவில் குத்துவிளக்கு ஏற்றி, ‘கனவே குரு, கனவே தெய்வம்’ என்று மூன்று முறை சொல்லிவிட்டு, ஆளாளுக்கு இரவு கண்ட கனவைச் சொல்ல வேண்டுமாம். புலி துரத்தியது என்று ஒருவர் சொன்னால், ‘ஓடியது தப்பு. இன்றைக்கு ராத்திரி திரும்பி நில். புலியைத் தோற்கடி. அதனிடம் ஒரு பரிசு கேட்டு வாங்கிக்கொண்டு வா’ என்று வழிநடத்துபவர் சொல்வாராம். பின்சுவரில் பெரிய படம் ஒன்று. இறகுக் கிரீடம் வைத்த ஒரு முதியவர். கீழே ‘செனோய் குரு’ என்று எழுத்து. அவள் கைப்பேசியில் அந்தப் படத்தைப் பார்த்தேன். தெமியார் பெரியவர்கள் சடங்கின்போது தலையில் வைப்பது பின்னிய ஓலையும் வாசனை இலைகளும். அந்தக் கிரீடத்தைப் பார்த்தால் படம் தென் அமெரிக்காவில் எங்கோ எடுத்தது போலத் தெரிகிறது. யாரோ ஒரு தாத்தா, தனக்கே தெரியாமல் ஒரு மதத்துக்குக் குருவாகித் தொங்கிக்கொண்டிருக்கிறார்.

இந்த முறை எங்கிருந்து வந்தது என்பது உங்களுக்கே தெரியாமல் இருக்கலாம். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

பேட் நூன் என்று ஓர் ஆங்கிலேயர். கேம்பிரிட்ஜில் படித்தவர். 1930களின் தொடக்கத்தில் தைப்பிங்கில் இருக்கும் பேராக் அருங்காட்சியகத்தில் கள ஆய்வாளராக வேலைக்குச் சேர்ந்தார். காட்டுக்குள் போனவர் தெமியார் மொழியைக் கற்றுக்கொண்டார், தெமியார் பெண்ணையே திருமணமும் செய்துகொண்டார். பேராக்குக்கும் கிளந்தானுக்கும் நடுவிலுள்ள மலைத்தொடரில் வாழ்ந்த தெமியார் மக்களைப் பற்றி 1936இல் அவர் வெளியிட்ட அறிக்கை இன்றைக்கும் ஆய்வாளர்கள் எடுத்துப் பார்க்கிற ஒன்று.

அந்த நூனைத் தேடி வந்தவர்தான் உங்கள் மதத்தின் உண்மையான நிறுவனர், கில்டன் ஸ்டூவர்ட். யூட்டா மாநிலத்துக்காரர். ஊர் சுற்றி, பேச்சில் மன்னன், கதை சொல்வதில் கெட்டிக்காரர். 1934இலும் 1938இலும் தெமியார் கிராமங்களுக்குப் போனார். இரண்டுமே வாரக்கணக்கில் முடிந்துவிட்ட பயணங்கள். தெமியார் மொழி அவருக்குத் தெரியாது. நூனும் மற்றவர்களும் மொழிபெயர்த்துச் சொன்னதைத்தான் எழுதிக்கொண்டார். அதை வைத்து 1948இல் லண்டனில் முனைவர் பட்டமும் வாங்கினார். மூன்று ஆண்டு கழித்து ஒரு சிற்றிதழில் ‘மலாயாவின் கனவுக் கொள்கை’ என்ற கட்டுரை வந்தது. உங்கள் கையேட்டில் இருப்பதெல்லாம் அதிலிருந்து வந்ததுதான்: காலை உணவின்போது குடும்பமே உட்கார்ந்து கனவை அலசுவது, குழந்தைகளுக்குக் கனவில் எதிர்த்து நிற்கக் கற்றுத்தருவது, கனவில் வருகிறவர்களிடம் பரிசு வாங்குவது, விழுகிற கனவை நல்ல கனவு என்று கொண்டாடுவது, இருநூறு முந்நூறு ஆண்டுகளாக வன்முறையே கிடையாது என்பது.

ஸ்டூவர்ட்டைப் பொய்யர் என்று ஒரே சொல்லில் முடித்துவிட எனக்கு மனம் வரவில்லை. தன் மனதில் இருந்த சிகிச்சை முறையைத் தெமியார் வீட்டுத் திண்ணையில் பார்த்ததாக அவரே நம்பியிருக்கலாம். சொல்லச் சொல்ல அழகு கூடிப்போகும் கதைகள் உண்டு. எல்லாக் குடும்பத்திலும் அப்படிக் கதை சொல்லும் ஒரு மாமா இருப்பார். சிக்கல் என்னவென்றால் இந்த மாமாவின் கதை பாடப்புத்தகத்துக்குள் போய்விட்டது. ஸ்டூவர்ட் 1965இல் இறந்தார். அடுத்த பத்து ஆண்டுக்குள் சார்லஸ் டார்ட் என்ற உளவியலாளர் 1969இல் தொகுத்த நூல் ஒன்றில் அந்தக் கட்டுரை மறுபதிப்பானது. 1974இல் பாட்ரீசியா கார்ஃபீல்டு அந்த முறைகளைப் பொதுமக்களுக்காக எளிமையாக்கி எழுதினார். கலிபோர்னியாவின் எசலன் நிலையம் மாதிரி இடங்களில் கனவுக் குழுக்கள் கூடின. வியட்நாம் போர் நடந்துகொண்டிருந்த காலம். போரே தெரியாத மக்கள் உலகத்தில் எங்காவது ஒரு மூலையில் இருந்தே ஆக வேண்டும் என்று அந்தத் தலைமுறை ஆசைப்பட்டது. ஆசைக்கு ஏற்ற மக்கள் கட்டுரையில் தயாராக இருந்தார்கள்.

அங்கே போய்ப் பார்த்தவர்களும் இருக்கிறார்கள். ஆன் ஃபாரடே என்ற உளவியலாளரும் அவருடைய கணவர் ஜான் ரென்-லூயிஸும் 1980களின் தொடக்கத்தில் தெமியார் பகுதிக்குப் போனார்கள். ஸ்டூவர்ட் சொன்ன மாதிரி கனவைக் கட்டுப்படுத்தச் சொல்லித்தரும் வழக்கத்தை அவர்கள் அங்கே காணவில்லை. செமாய் மக்களோடு பல காலம் வாழ்ந்த ராபர்ட் டெண்டன் என்ற மானிடவியலாளரும் அதையேதான் சொன்னார். 1985இல் வில்லியம் டோம்ஹாஃப் என்ற சமூகவியலாளர், ஸ்டூவர்ட்டின் ஆய்வேடு, நூனின் அறிக்கை, களத்தில் இருந்தவர்களின் சாட்சியம் எல்லாவற்றையும் எடுத்துவைத்து வரிவரியாக ஒப்பிட்டார். 1951 கட்டுரை சொல்கிற அதிசயங்களுக்கு ஸ்டூவர்ட்டின் சொந்த ஆய்வேட்டிலேயே ஆதாரம் இல்லை. அதோடு அந்த விவகாரம் முடிந்திருக்க வேண்டும். உங்கள் கையேடு அதற்குப் பல ஆண்டுகளுக்குப் பிறகு அச்சடித்தது.

சரி, ‘கொலையே தெரியாத மக்கள்’ என்பதற்கு வருவோம். உங்கள் முதல் பக்கத்தில் தடித்த எழுத்தில் இருப்பதால் கேட்கிறேன்: பேட் நூன் எப்படி இறந்தார் தெரியுமா? ஜப்பானியர் வந்ததும் அவர் காட்டுக்குள் மறைந்துகொண்டார். 1943இல், கூடவே இருந்த தெமியார் ஆள் ஒருவர் அவரை ஊதுகுழல் அம்பால் கொன்றுவிட்டார். காரணம் நூனின் மனைவி. இருவருக்கும் அந்தப் பெண்மேல் ஆசை. போர் முடிந்து சில ஆண்டுகள் கழித்துத்தான் விஷயம் மெல்ல வெளியே வந்தது. தம்பி ரிச்சர்ட் நூன் அண்ணனைப் பற்றிய தகவலைத் தேடித்தேடிச் சேகரித்தார். ஆக, ஸ்டூவர்ட்டைத் தெமியார் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போன மனிதரே அங்கே கொலையாகி எட்டு ஆண்டு ஆன பிறகு, ‘இவர்களிடம் வன்முறை கிடையாது’ என்ற கட்டுரை அச்சாகிறது.

அந்த 1951ஆம் ஆண்டில் மலாயாவில் என்ன நடந்துகொண்டிருந்தது என்பது எங்கள் பக்கத்துப் பெரியவர்களுக்கு நன்றாகத் தெரியும். அவசரகாலம். காட்டுக்குள் கம்யூனிஸ்ட் கெரில்லாக்கள், வெளியே பிரிட்டிஷ் ராணுவம், நடுவில் பூர்வகுடிகள். கெரில்லாக்களுக்குச் சோறு கிடைக்கக் கூடாது என்று பூர்வகுடி மக்களை மலையிலிருந்து இறக்கி முகாம்களில் அடைத்தார்கள். பழக்கமில்லாத சாப்பாடு, வெக்கை, நோய். கூட்டம் கூட்டமாகச் செத்தார்கள். 1956இல் பூர்வகுடிகளை வைத்தே செனோய் பிராஅக் என்ற படையும் அமைத்தார்கள். ‘பிராஅக்’ என்றால் சண்டை. காட்டுப் போரில் பேர் வாங்கிய படை அது. இன்றைக்கும் மலேசியக் காவல்துறையில் இருக்கிறது, பீடோரில் முகாம் இருக்கிறது. அந்தப் படை வீரர் ஒருவரிடம் போய், ‘உங்கள் இனத்துக்குச் சண்டை என்றால் என்னவென்றே தெரியாதாமே’ என்று கேட்டுப் பாருங்கள்.

செமாய் மக்கள் சண்டையை வெறுப்பவர்கள் என்பது உண்மைதான். டெண்டன் அதைத் தெளிவாகவே எழுதியிருக்கிறார். ஆனால் அதற்கு அவர் சொன்ன காரணங்களில் ஒன்று, அடிமை பிடிக்க வந்தவர்களிடமிருந்து தலைமுறை தலைமுறையாக ஓடிப் பிழைத்த வரலாறு. குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு காட்டின் உட்பகுதிக்கு ஓடிய மக்கள் அவர்கள். அந்தப் பயத்தைத் துடைத்துவிட்டு, அதே இடத்தில் ‘கனவு யோகம்’ என்று எழுதுவது எனக்குக் கூசுகிறது.

என் அக்கா மகள் சொன்னதில் ஒன்று மட்டும் மனதை விட்டுப் போகவில்லை. அவளோடு வகுப்பில் இருந்த ஓர் அம்மா, கணவரை இழந்து ஓராண்டு ஆகவில்லை. ஒரு நாள் காலையில் வட்டத்தில் உட்கார்ந்து, ‘அவரு அடுப்படி வாசல்ல நின்னாரு, ஒண்ணும் பேசல’ என்று கனவைச் சொல்லியிருக்கிறார். வழிநடத்தியவர் வழக்கமான பாடத்தையே சொன்னாராம்: இன்றிரவு மறுபடி வரவையுங்கள், பேசச் சொல்லுங்கள், பரிசு கேளுங்கள். அந்த அம்மா தலையைக் குனிந்துகொண்டு, ‘வந்ததே பெருசு. நான் எதுக்கு அவருகிட்ட போயி கேக்கணும்?’ என்று சொல்லிவிட்டு அப்புறம் வகுப்புக்கே வரவில்லையாம்.

உங்கள் மண்டபத்தில் அன்றைக்கு உட்கார்ந்திருந்தவர்களில் தெமியார் வழிக்குக் கிட்டத்தில் இருந்தவர் அந்த அம்மாதான். ஏன் சொல்கிறேன் என்றால், தெமியார் கனவு மரபு நீங்கள் நடத்துவதற்கு நேர் எதிர்த்திசையில் போகிறது.

தெமியார் நம்பிக்கையில் உயிர் என்பது மனிதருக்கு மட்டும் உரியதில்லை. மலைக்கு உண்டு, ஆற்றுக்கு உண்டு, பழமரத்துக்கு உண்டு, புலிக்கு உண்டு. தூங்கும்போது மனிதரின் தலையில் குடியிருக்கும் உயிர் வெளியே உலாவப் போகிறது. அங்கே இவற்றில் ஏதோ ஒன்றின் உயிர் எதிர்ப்படுகிறது. எதிர்ப்பட்டது சண்டைக்கு நிற்பதில்லை, உறவு சொல்லிக்கொண்டு வருகிறது. பிள்ளையாக வந்து ஒட்டிக்கொள்கிறது. அந்தத் துணை ஆவியைக் குனிக் என்கிறார்கள். அது ஒரு பாட்டைக் கற்றுத்தருகிறது. வரி வரியாக அது பாட, தூங்குகிறவர் திருப்பிப் பாடிப் பழகிக்கொள்கிறார். எல்லாருக்கும் எல்லாக் கனவிலும் இது நடப்பதில்லை. பெரும்பாலான கனவு வெறும் கனவுதான். எப்போதாவது ஒருவருக்குப் பாட்டு கிடைக்கிறது. கிடைத்தால் அது அவருடைய சாமர்த்தியம் இல்லை. கொடுத்தது மலையோ மரமோ. எந்தப் பாட்டு யாருக்கு எதனிடமிருந்து வந்தது என்று நினைவில் வைத்திருக்கிறார்கள். காலம் மாற மாற விமானம் போன்ற புதிய பொருள்களின் ஆவிகளும் பாட்டு கொடுத்திருக்கின்றன. பழசில் உறைந்துபோன மரபு இல்லை அது.

கிடைத்த பாட்டைத் தனக்குள் வைத்துக்கொள்ளவும் முடியாது. 1981, 1982இல் கிளந்தான் பக்கத்துத் தெமியார் கிராமங்களில் தங்கி இந்தப் பாட்டுகளைப் பதிவு செய்த மரினா ரோஸ்மன் என்ற இசை ஆய்வாளர் இதை விளக்கமாக எழுதியிருக்கிறார். இரவில் வீட்டுக்குள் கூடுகிறார்கள். கூரையிலிருந்து வாசனை இலைகளைத் தோரணமாகத் தொங்கவிடுகிறார்கள். பெண்கள் ஒரு நீளமான மரத்துண்டின் முன் வரிசையாக உட்கார்ந்துகொள்வார்கள். ஒவ்வொருவர் கையிலும் இரண்டு மூங்கில் குழாய். ஒன்று நீளம், ஒன்று குட்டை. மாற்றி மாற்றி மரத்தில் இடிக்கும்போது நீளக் குழாய் கனமாகவும் குட்டைக் குழாய் கீச்சென்றும் ஒலிக்கும். அந்தத் தாளம் விட்டுவிட்டு இரைகிற சில்வண்டு மாதிரி, நெஞ்சுத் துடிப்பு மாதிரி இரவு முழுக்க ஓடும். பாட்டு வாங்கியவர் ஒரு வரி பாடுவார். அவர் முடிக்கும் முன்பே பெண்கள் அந்த வரியை எடுத்துப் பாடத் தொடங்கிவிடுவார்கள். ஒருவர் கண்ட கனவு அந்த இடத்தில் ஊர்ப் பாட்டாகிவிடுகிறது. யாருக்காவது உடம்பு சரியில்லை என்றால் பாட்டோடு வந்திறங்கும் ஆவியின் குளிர்ச்சியை, காலைப் பனித்துளி போன்ற ஒரு நீரை, பாடுகிறவர் நோயாளியின் நெஞ்சிலும் தலையிலும் இறக்குகிறார்.

இதில் புலியைத் தோற்கடிப்பது எங்கே வருகிறது? பரிசு கேட்டு வாங்குவது எங்கே வருகிறது? ஸ்டூவர்ட்டின் கனவில் மனிதன் முதலாளி. மற்றதெல்லாம் அவன் பயத்தைப் போக்கவும் தன்னம்பிக்கையை வளர்க்கவும் வந்த வேலையாட்கள். தெமியார் கனவில் மனிதர், விருந்தாளி வருவாரா என்று காத்திருப்பவர். வந்தால் உபசரிக்கிறார், வாங்கியதை ஊருக்குக் கொடுக்கிறார். நீங்கள் சொல்லித்தருவது தன்னம்பிக்கைப் பயிற்சி. அதற்குக் காட்டுச் சாயம் பூசியிருக்கிறீர்கள்.

கனவை வணங்குவதே தப்பு என்று நான் சொல்வதாக நினைக்க வேண்டாம். கனவு கேட்கும் பழக்கம் நமக்கும் உண்டு. காங்கேயத்துக்குப் பக்கத்தில் சிவன்மலை முருகன் கோயிலில் ஆண்டவன் உத்தரவுப் பெட்டி இருக்கிறதே, அதைப் பாருங்கள். கனவில் சாமி வந்து இன்ன பொருளை வைக்கச் சொன்னார் என்று எங்கிருந்தோ ஒரு பக்தர் வருவார். சொன்னவுடனே வைத்துவிட மாட்டார்கள். சந்நிதியில் பூ போட்டுப் பார்த்து உத்தரவு கிடைத்தால்தான் அந்தப் பொருள் கண்ணாடிப் பெட்டிக்குள் போகும். அடுத்த உத்தரவு வரும்வரை அங்கேயே இருக்கும். மண் வந்திருக்கிறது, தண்ணீர் வந்திருக்கிறது, மஞ்சள் வந்திருக்கிறது. கனவு கண்டவருக்கு அதில் பட்டமும் இல்லை, பணமும் இல்லை. நம்புகிறவர் நம்புகிறார், சிரிக்கிறவர் சிரிக்கிறார். ஆனால் அது யாருடைய வழக்கம், எந்த ஊரில், யார் முன்னிலையில் நடக்கிறது என்பதில் குழப்பமே கிடையாது.

கனவிலிருந்து புதிய மதமும் பிறந்திருக்கிறது. 19ஆம் நூற்றாண்டில் அமெரிக்காவின் கொலம்பியா ஆற்றங்கரையில் ஸ்மோஹல்லா என்ற வானாபம் இனத்துப் பெரியவர் அப்படித் தொடங்கினார். அவரைப் பின்பற்றியவர்களைக் கனவாளிகள் என்றே வெள்ளைக்காரர்கள் அழைத்தார்கள். நிலத்தைப் பிடுங்கிக்கொண்டு உழச் சொன்னவர்களை எதிர்த்து நின்ற மதம் அது. ஸ்மோஹல்லா தன் கனவைத் தன் பெயரில், தன் ஊரில், தன் மக்களிடம் சொன்னார். நீங்களும் அப்படிச் செய்யலாமே. ‘நாங்கள் சிலர் சேர்ந்து கனவை வழிபடுகிறோம், முறை இதுதான், வகுத்தது நாங்கள்தான்’ என்று அறிவியுங்கள். நான் வந்து எதிர்த்து ஒரு வரி எழுத மாட்டேன். உங்கள் வகுப்புக்கு வருவதில்லை என்பதோடு சரி.

ஏன் இதைப் பெரிதுபடுத்துகிறேன் என்று உங்களில் சிலர் கேட்பீர்கள். கதை தப்பானால் என்ன, பலன் கிடைக்கிறதே என்பீர்கள். முதலில் பலனைப் பார்த்துவிடலாம். கெட்ட கனவால் அவதிப்படுகிறவர்களை விழித்திருக்கும்போதே அந்தக் கனவின் முடிவை மாற்றி எழுதச் சொல்லி, மனதில் ஓட்டிப் பழகவைக்கும் சிகிச்சை உண்டு; மருத்துவர்கள் சோதித்துப் பார்த்த முறை அது. கனவுக்குள்ளேயே ‘இது கனவு’ என்று தெரிந்துகொள்ளும் நிலையும் உண்மைதான். 1975இல் இங்கிலாந்தில் கீத் ஹெர்ன், அதன்பின் அமெரிக்காவில் ஸ்டீபன் லாபெர்ஜ், தூங்குகிறவரின் கண்ணசைவை வைத்தே அதைப் பதிவு செய்து காட்டினார்கள். ஆகவே உங்கள் பயிற்சியில் ஒன்றிரண்டு பேருக்குப் பயம் குறைந்திருந்தால் நான் ஆச்சரியப்பட மாட்டேன். அதற்கு இறகுக் கிரீடம் எதற்கு? ‘மனநோயே இல்லாத இனம்’ என்ற பொய் எதற்கு? அந்தப் பொய்யைக் கேட்டுவிட்டு மாத்திரையை நிறுத்தலாமா என்று யோசிக்கிற ஒருவர் உங்கள் வட்டத்தில் உட்கார்ந்திருக்கலாம். அது உங்களுக்குத் தெரியவும் தெரியாது.

அடுத்தது தெமியார் மக்களின் பக்கம். மலேசியத் தீபகற்பத்துப் பூர்வகுடிகள் எல்லாரையும் சேர்த்தாலே இரண்டு லட்சம் பேர் அளவில்தான் இருப்பார்கள். அவர்கள் சொல் வெளியே கேட்பதே அரிது. கிளந்தானில் குவா மூசாங் பக்கம் மரம் வெட்டும் லாரிகளைத் தடுக்கத் தெமியார் மக்கள் காட்டுப் பாதையில் மூங்கிலைக் குறுக்கே கட்டித் தடுப்பு போட்டு நின்றார்கள். 2016இலிருந்து அது செய்தியில் வந்துகொண்டிருந்தது. அப்புறம் மூசாங் கிங் டுரியான் தோட்டங்கள் வந்தன. 2019 ஜனவரியில் மத்திய அரசாங்கமே போஸ் சிம்போர் தெமியார் மக்களின் நில உரிமைக்காகக் கிளந்தான் மாநில அரசின்மேல் வழக்குப் போட்டது. அந்தச் செய்தி வந்த வாரத்தில் எங்கள் ஊர்ச் சாப்பாட்டுக் கடையில் பேசிக்கொண்டிருந்தவர்களில் ஒருவர் கேட்டார்: ‘அவங்க காட்டுல நிம்மதியா கனவு கண்டுக்கிட்டு இருக்கிறவங்கதானே, அவங்களுக்கு எதுக்குக் கோர்ட்டு கேஸு?’

இது எங்கிருந்து வருகிறது என்று நினைக்கிறீர்கள்? அவருக்கு ஸ்டூவர்ட்டைத் தெரியாது. அந்தக் கட்டுரையிலிருந்து கசிந்து கசிந்து வந்த படம் அது. கவலையே இல்லாத, கனவில் வாழ்கிற மக்களுக்கு நிலப் பட்டா எதற்கு? உங்கள் கையேடு அந்தப் படத்துக்கு இன்னொரு கோட் பெயின்ட் அடிக்கிறது. தெமியார் மக்களுக்குப் பாட்டு கொடுப்பது பழமரமும் மலையும் ஆறும். டுரியான் தோட்டம் போட அந்த மரத்தை வெட்டினால் அதோடு பாட்டும் போகிறது. கனவை வணங்குகிறோம் என்கிற உங்களுக்கு இது முதல் பக்கச் செய்தியாக இருந்திருக்க வேண்டும். கையேட்டின் அறுபது சொச்சம் பக்கத்தில் காடு வெட்டப்படுவதைப் பற்றி ஒரு வரி கூட இல்லை.

ஆகவே நான் கேட்பது இவ்வளவுதான். வகுப்பின் பெயரிலிருந்து ‘செனோய்’ என்ற சொல்லை எடுத்துவிடுங்கள். பின்சுவரில் இருக்கும் தாத்தாவின் படத்தைக் கழற்றுங்கள். அவர் யார் என்று கண்டுபிடிக்க முடிந்தால் நல்லது, முடியாவிட்டாலும் ‘குரு’ என்று எழுதியதை அழித்துவிடுங்கள். மருந்து சாப்பிடுகிறவர்கள் வகுப்பில் இருந்தால், இந்தப் பயிற்சி மருந்துக்கு மாற்று இல்லை என்பதை விளக்கேற்றும் முன்பே சொல்லுங்கள். செத்துப்போனவர்கள் கனவில் வந்தால் அவர்களிடம் எதையும் கேட்கச் சொல்லி யாரையும் நெருக்காதீர்கள்.

தெமியார் பற்றிக் கட்டாயம் பேசித்தான் ஆக வேண்டும் என்றால், தெமியார் ஒருவரையே கூப்பிட்டுப் பேசச் சொல்லுங்கள். ஆசிரியர்கள் இருக்கிறார்கள், வழக்குகளில் சாட்சி சொன்னவர்கள் இருக்கிறார்கள், பாடத் தெரிந்தவர்களும் இருக்கிறார்கள். வருகிறவருக்குப் போக்குவரத்துச் செலவும் பேசியதற்கான பணமும் கொடுங்கள். அவர் கனவைப் பற்றிப் பேசாமல் ரோட்டைப் பற்றியும் நிலத்தைப் பற்றியும் மட்டுமே பேசிவிட்டுப் போனாலும் முகம் சுளிக்காதீர்கள்.

ஏற்கெனவே தீட்சை வாங்கியவர்களின் வாட்ஸ்ஆப் குழு உங்களிடம் இருக்கிறது. கையேட்டின் முதல் பக்கம் தப்பு, அது 1951இல் ஓர் அமெரிக்கர் எழுதியது என்று அதில் இரண்டு வரி போட்டுவிடுங்கள். என் அக்கா மகளும் அந்தக் குழுவில் இருக்கிறாள். வந்ததும் எனக்குக் காட்டுவாள்.

இப்படிக்கு,
சுங்கை சிப்புட்டிலிருந்து ஒரு வாசகன்